துணி இடமாற்றம்

தொண்ணூற்றிரண்டு ஜிபி.
மூன்று இரவுகள் இறங்கியது அந்த அப்டேட்,
காற்று தகரக் கூரையை உலுக்கும்போதெல்லாம்
இணையம் அறுந்து, மறுபடி ஒட்டி.
நான்காம் நாள் யெர்கோ திறந்தபோது
முகப்பில் ஒரு சிப்பாய் நடனமாடினான்,
தங்க முலாம் துப்பாக்கியோடு, விலைச்சீட்டோடு.
கொடி ஆட்டத்தைத்தான் காணவில்லை.

புந்தா அரேனாஸ். ஜூன் மாதம்.
மாலை ஐந்தரைக்கே கதவடைக்கும் வெளிச்சம்.
நீரிணையைக் கடக்கும் ஃபெரியில் அவனுக்கு வேலை:
சாய்தளத்தை இறக்குவான், லாரிகளுக்குக் கை காட்டுவான்,
ஆடுகள் ஏற்றிய லாரி என்றால் மூச்சைப் பிடித்துக்கொள்வான்.
வீடு திரும்பியதும் பூட்ஸைக்கூடக் கழற்றாமல் தேடல்.
மெனுவுக்குள் மெனு, அதற்குள் ஒரு கடை,
கடைக்குள் நடனங்கள்.

ஆட்டம் எளியது.
எதிரி முகாமுக்குள் புகுந்து கொடியைத் தூக்கு,
உயிரோடு திரும்பி வா.
நம் இலக்கணக்காரர்கள் பார்த்திருந்தால்
கவர்ந்தவனுக்கு வெட்சி, மீட்டவனுக்குக் கரந்தை என்று
பூச்சூட்டிவிட்டு அடுத்த நூற்பாவுக்குப் போயிருப்பார்கள்.
ஒரே ஒரு விதியில்தான் குரூரம்:
உன் கொடி உன் வீட்டில் இல்லையென்றால்
நீ கொண்டுவந்த கொடிக்குப் புள்ளி கிடையாது.

பதினாறு வயதில், இப்போது நாய் உணவு விற்கும் அந்தக் கடையில்,
எட்டுக் கணினிகள், எட்டுப் பேர்.
எடெல்மீராவுக்கு எப்போதும் ஏழாம் எண்.
அதன் மவுஸ் இடப்பக்கம் இழுக்கும்;
அதனால் அவள் எப்போதும் இடப்பக்கமிருந்தே வந்தாள்,
தெரிந்தும் யாரும் தடுத்ததில்லை.

ஆறாவது வாரம்
வேறெதையோ தேடிக்கொண்டிருந்தான்.
கீழ்வீட்டு செனோரா தூங்கச் சத்தத்தைக் குறைக்க வேண்டும்.
விரல் தவறி விதிகள் பக்கம் திறந்தது.
பட்டியலின் அடியில், சாம்பல் எழுத்தில்,
நாற்பது முறையாவது அவன் தாண்டிப் போயிருந்த வரி:
"துணி இடமாற்றம்."
சலவைக்காரர் ஆட்டம் என்று நினைத்திருந்தான்.
சும்மா அழுத்தினான்.
சிவப்பில் ஒன்று, நீலத்தில் ஒன்று,
இரண்டு கொடிகள் பனிக்காற்றில் படபடத்தன.

எங்கோ ஒரு மொழிபெயர்ப்பாளர்,
படத்தைக் காட்டாமல், சொல்லுக்கு இவ்வளவு என்று கூலி பேசப்பட்டு,
கொடியைத் துணி ஆக்கியிருக்கிறார்.
பொய் என்றும் சொல்ல முடியாது.

ஏழு பேருக்குச் செய்தி அனுப்பினான்.
நிவால்டோ வடக்கே சுரங்கத்தில், இரவு ஷிஃப்ட்.
ஒருவன் கட்டை விரலைக் காட்டினான், வரவில்லை.
பதினொன்று நாற்பதுக்கு நத்தாலஸிலிருந்து எடெல்மீரா:
"குழந்தை தூங்குது. மைக்கில் கத்தாதே."

எட்டில் இருவர். தொடரவா, என்று ஆட்டம்
இரண்டு முறை கேட்டது.

பாலத்தின் மேலே அவன் போக,
கீழே உறைந்த ஓடை வழியாக அவள் வந்திருக்கிறாள்,
இடப்பக்கமாகத்தான்.
அவள் கொடியைத் தூக்கிக்கொண்டு வீடு சேர்ந்தால்
அவன் கம்பம் காலி.
அங்கே அவளுக்கும் அதே கதை.
ஜெயிக்க முடியாது, தோற்கவும் முடியாது.
பாலத்தின் நடுவே சந்தித்தார்கள்,
ஒருவர் துணியை மற்றவர் முதுகில் சுமந்து.

சுடவில்லை.
சால்மன் ஆலையில் சனிக்கிழமை வேலையை வெட்டிவிட்டார்களாம்.
குழந்தைக்கு மேல்பல் முதலில் முளைத்ததாம்.
இரண்டு நாள் காற்றில் ஃபெரி நகராமல்
முந்நூறு ஆடுகளோடு கிடந்ததைச் சொன்னான்.
அவள் பக்கம் ஹீட்டர் இரையும் சத்தம்.
மணி பன்னிரண்டைத் தாண்டியது.
"உன் அண்ணனோடு பேசினாயா?" என்றாள்.
இல்லை என்று சொல்ல வாயைத் திறந்தான்.

சுட்டாள்.

விழுந்த தன் கொடியை ஒரு தட்டில் வீட்டுக்கு அனுப்பிவிட்டு
அவன் கொடியோடு ஓடினாள். ஒன்று, பூஜ்ஜியம்.
மறுபிறப்புக்கு எட்டு நொடி.
அந்த எட்டு நொடியும் யெர்கோ சிரித்த சிரிப்பில்
கீழ்வீட்டு செனோரா துடைப்பத்தால் தரையை இடித்தாள்,
நத்தாலஸில் குழந்தை எழுந்துகொண்டது.
"கத்தாதேன்னு சொன்னேனா இல்லையா?"