முத்திரை

பிமினிக்குப் போகும் படகு எட்டரைக்கு.
ஏழுக்கே ஃபோர்ட் லாடர்டேல் துறைமுகத்தில் வரிசையில் நின்றோம்.
கூலரில் புளியோதரை, வெள்ளரிப் பிஞ்சு,
வாந்திக்கு மாத்திரை.
நாலு மாசமாய் நான் பிடித்துவைத்த காசில்
மூன்று டிக்கெட்.

கவுண்டர்ப் பெண் என் பாஸ்போர்ட்டை
முன்னும் பின்னும் புரட்டினாள்,
சாயம் போகுமா என்று சேலையைப் பார்ப்பதுபோல.
விசா முத்திரை மார்ச்சோடு முடிந்திருந்தது.
இங்கே இருக்கலாம், வேலை பார்க்கலாம்,
வரி கட்டலாம், கட்டத்தான் வேண்டும்.
"போவதில் பிரச்சினையே இல்லை மேடம்" என்றாள்.
வருவதில்தான்.

மாறனிடம் புது முத்திரை இருந்தது.
போன ஆவணியில் அவன் அப்பா காரியத்துக்குப் போனபோது
சென்னையில் குத்திக்கொண்டு வந்தது.
எனக்கு லீவு கிடைக்கவில்லை; ஃபோனில் அழுதேன்.
நன்முகைக்கு நீலப் பாஸ்போர்ட், ஆறு வயசு.
"அம்மா ஃபெயிலா?" என்று கேட்டாள்.

"எல்லாருமே திரும்பிடலாம்" என்றான் மாறன்.
சொன்னவன் கண் படகின் மேலேயே இருந்தது.
போங்க ரெண்டு பேரும் என்றேன்.
கூலரை மட்டும் தரவில்லை.

படகு பல்லாகி, அரிசியாகி,
கண்ணில் விழுந்த தூசாகி
அதுவும் போனது.
கடற்கரையில் தனியே நிற்கிறவள்
இரங்கவேண்டும் என்பது இலக்கணம்.
வளை கழலவேண்டும். பசலை பூக்கவேண்டும்.
எனக்குப் பசித்தது.

ஊபர் பிடித்து டேனியா பீச் மீன்பிடிப் பாலத்துக்குப் போனேன்.
கம்பத்துக்கு ஒரு கூழைக்கடா,
பெட்டி தொலைந்த பயணிகள் மாதிரி உட்கார்ந்திருந்தன.
எட்டு வருஷத்தில் முதல் தடவை
யாரும் என்னிடம் எதுவும் கேட்காத ஒரு காலை.
என்ன செய்வதென்று தெரியாமல்
கைப்பையைத் திறந்து திறந்து மூடினேன்.

பக்கத்தில் தூண்டில் போட்டிருந்தவள் எர்னஸ்டைன்.
ஆஸ்பத்திரியில் நைட் ஷிஃப்ட் முடித்து
யூனிஃபார்மோடு வந்திருந்தாள்.
அங்கே என்ன பார்க்கிறாய் என்றாள்.
பிமினி என்றேன்.
அவள் சிரித்த சிரிப்பில் தூண்டில் ஆடியது.
"நான் பிறந்த ஊர் அது!
ஞாயிற்றுக்கிழமை அங்கே என்ன இருக்கும்?
சர்ச். பூட்டின கடை. வெயிலில் படுத்த நாய்.
சங்குச் சதையை நறுக்கி
எலுமிச்சை பிழிந்துகொண்டு என் தங்கை."
போய்ப் பதினோரு வருஷம் ஆயிற்றாம்.
பேப்பர் சிக்கலா என்றேன், கொஞ்சம் ஆசையாகவே.
"பேப்பர் எல்லாம் சுத்தம்.
தங்கைக்கு எண்ணூறு டாலர் பாக்கி."

புளியோதரையைத் தட்டில் வைத்துக் கொடுத்தேன்.
முதல் வாய்க்கு முகம் கோணினாள்.
நாலாம் வாய்க்கு வேர்க்கடலையைத் துழாவினாள்.
பிறகு தூண்டிலை என் கையில் திணித்துவிட்டு
நாற்காலியிலேயே தூங்கிப்போனாள்.

ஒன்றரை மணி இருக்கும்,
நரம்பு வெடுக்கென்று இழுத்தது.
ஐயோ வா வா வா என்று கத்தினேன்.
எர்னஸ்டைனுக்கு அது புரிந்தது.
இரண்டு பேர் சேர்ந்து சுற்றி எடுத்ததில்
விரல் நீளத்துக்கு ஒரு மீன்,
முதுகில் மஞ்சள் கோடு.
"இதற்கா இத்தனை சத்தம்?"
கொக்கியைக் கழற்ற எனக்கு வரவில்லை.
அவள் கழற்றி, என் உள்ளங்கையில் வைத்து,
நீயே விடு என்றாள்.
கொஞ்ச நேரம் வைத்திருந்துதான் விட்டேன்.

ராத்திரி ஒன்பதுக்குப் படகு வந்தது.
மாறன் தோளில் நன்முகை, காதோரம் மணல்.
"நீ வந்திருக்கணும். தண்ணி அப்படியே கண்ணாடி.
என்ன, கடை எல்லாம் மூடிக் கிடந்தது."
ஞாயிற்றுக்கிழமை இல்லையா என்றேன்,
அந்த ஊர்க்காரி மாதிரி.

காரில் உட்காரவைக்கும்போது
அரைத்தூக்கத்தில் என் கையை முகர்ந்தாள் நன்முகை.
"மீன் வாசனை.
நீ எங்கம்மா போனே?"

சீட் பெல்ட்டை மாட்டினேன்.
கூலரில் வெள்ளரிப் பிஞ்சு
அப்படியே இருந்தது,
அதை எடுத்து மாறனுக்குக் கொடுத்தேன்.