உள்ளே வெள்ளை

தாலிக்குப் போகிறேன் என்று லீவு கேட்டேன்.
மேற்றன் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு
என் கையைப் பிடித்தா.
"கடைசியா ஒருமாதிரிச் சரிவந்திட்டுது. மாப்பிள்ளை எந்த ஊர்?"
சீனாவில் ஒரு ஊருக்குப் பெயர் மிஸ், தாலி.
ஏரி இருக்காம். துணியைக் கட்டிச் சாயம் போடுவினமாம்.
கையை விட்டா.

துவானுக்கும் எனக்கும் பொதுவாய் மொழி இல்லை.
நாலு விரலும் பிறகு ஒரு விரலும் காட்டினாள்.
நானும் அதையே காட்டினேன்.
வயது தீர்ந்தது, ஊசியை எடுத்தோம்.

பதினேழு வருடம் சத்திரசிகிச்சைக்கூடத்தில்
நூலோடு நின்ற கை என்னுடையது.
முதல் முடிச்சை வழக்கம்போல் இரட்டைச் சுற்றில் இறுக்கினேன்.
அவள் நகத்தால் கிண்டினாள், பல்லால் இழுத்தாள்,
கத்தரிக்கோல் தேடி
கிடைக்காமல் யாரையோ ஏசினாள்.
அவிழவேண்டிய முடிச்சு எனக்குத் தெரியாது.
ஆறு நாளும் அதைத்தான் படித்தேன்.

கடைசி நாள் மழை.
இரண்டு கையையும் சேர்த்துக் கன்னத்தில் வைத்து
சாயத்தாழி நித்திரை என்று காட்டினாள்.
நனையாத துணியோடு விமானம் ஏறினேன்,
இருநூற்றுப் பதினான்கு முடிச்சு.

கட்டுநாயக்காவில் ஒருவர் அதை மேசையில் போட்டு
புழு இருக்கிற கத்தரிக்காயைப் பார்ப்பதுபோல்
ஒவ்வொன்றாய்ப் பெருவிரலால் அமுக்கினார்.
உள்ளே என்ன?
சிங்களத்தில் கேட்டார், சிங்களத்திலேயே சொன்னேன்:
உள்ளே வெள்ளை.
அவிழ் என்றார்.
வெள்ளைதான்.
இன்னொன்று.
மூன்றாவதோடு அவருக்கு அலுத்துவிட்டது.

கோண்டாவில் கிணற்றடியில் பழைய பிளாஸ்டிக் பீப்பா.
கோப்பாயில் வெறுங்காணிக்குள் பிடுங்கிய அவுரி
மூன்று நாள் ஊறிற்று.
கேத்தில் அடியில் கல்லாய்ப் படிந்து
தேத்தண்ணியைக் கெடுக்கிற தண்ணீர்,
அது போதாதென்று வெற்றிலைச் சுண்ணாம்பும்.
துவான் அரிசிச் சாராயம் ஊற்றுவாள்.
நான் நாலு குட்டான் பனங்கட்டி உடைத்துப் போட்டேன்.
"பொங்கலோ?" மதிலுக்கு மேலால் றெஜினா.
ஐந்தாம் நாளும் அவதான்:
"என்ன கோதாரி மணமடி இது, எலி கிலி செத்துப்போச்சோ?"
இல்லையக்கா. முழிச்சிட்டுது.

தோய்த்து எடுத்தால் துணி பச்சை.
வாழைக்குருத்துப் பச்சை.
மயக்கமருந்து ஏற்றியவரோடு எண்ணுவதுபோல்
பத்து, ஒன்பது, எட்டு என்று எண்ணிக்கொண்டு நின்றேன்.
ஏழில் ஓரம் நீலித்தது.
யாரும் தொடவில்லை,
காற்றுப் பட்டது, அவ்வளவுதான்.
திரும்பவும் தோய்த்தேன். ஒன்பது தரம்.

திங்கட்கிழமை கையுறை போடுமுன்
புது டொக்டர் என் நகங்களைக் கண்டுவிட்டான்.
பொடியன், வவுனியாப் பக்கம்.
கதிரையை இழுத்து என்னை இருத்தி
விரலில் மெஷினைக் கொழுவினான்.
எண்பத்து மூன்று.
ஒட்சிசன், ஒட்சிசன் என்று கத்துகிறான்.
நான் வாயைத் திறக்குமுன்
மேற்றன் கதவடியில் நின்று சொன்னா:
"விடுங்கோ டொக்டர்.
அவ தாலிக்குப் போட்டு வந்தவ."

அன்றிரவு கரண்ட் இல்லை.
போன் வெளிச்சத்தில் அவிழ்த்தேன்,
துவான் சொல்லித்தந்தபடி, இழுக்காமல்,
நூல் தானாய் வழிவிடும்வரை.
ஒவ்வொன்றிலும் கண் திறந்ததுபோல் ஒரு வெள்ளை,
சிலது கோணல்,
என் பழைய முடிச்சுகள் இரண்டை வெட்டித்தான் எடுத்தேன்.
கட்டுநாயக்காவில் அவிழ்ந்த மூன்று இடம் மட்டும்
மூடி நீலம்.

படமெடுத்து அவளுக்கு அனுப்பினேன்.
மூன்றையும் சிவப்பால் வட்டமிட்டு
ஒரு கேள்விக்குறி போட்டாள்.

மொழிபெயர்ப்பானில் அடித்தேன், அழித்தேன்.
கடைசியில் என் பெருவிரலைப் படமெடுத்து அனுப்பினேன்.
அவளுக்கு என்ன விளங்கியதோ,
தன்னுடையதை அனுப்பினாள்.
என்னுடையதைவிடக் கறுப்பு.