ஈரத்துண்டு

பொட்டலத்தின் மேல் இருபதாயிரம் என்று போட்டிருந்தது.
நான் எண்ணவில்லை.
ஆர்வோவுக்கு ஏழாவது பிறந்தநாள்;
வெளியே தாம்பெரேயில் மூன்று மணிக்கே இருட்டு.
ஜவ்வரிசியைவிடச் சிறிது, ஒவ்வொன்றும் ஒரு நிறம்.
ஒரு கைப்பிடியை ராத்திரி ஊறப்போட்டோம்,
விடிந்தால் வாளி நிறையக் கோலிக்குண்டு.
முழங்கைவரை விட்டுத் துழாவினான்.
ஓயாத கை ஓரிடத்தில் அடங்கியதே என்று
நாங்களும் சிரித்தோம்.

ஹில்யாவுக்கு அப்போது பத்து மாதம்.
தரையில் கிடக்கும் எதையும்
வாயால்தான் விசாரிப்பாள்.

செவ்வாய்க்கிழமை வாந்தி தொடங்கியது.
ஊரெல்லாம் வைரஸ் சுற்றுகிறது என்றார்கள்.
தண்ணீர் கொடுங்கள், கொஞ்சம் கொஞ்சமாக.
கொடுத்தேன்.
இரண்டு இரவு, மடியில் வைத்து,
கரண்டி கரண்டியாக நான்தான் கொடுத்தேன்.
அவள் குடித்ததை
உள்ளே இன்னொன்றும் குடித்தது.

வியாழன் வாந்தி பச்சையாக வந்தது.
எக்ஸ்ரேயில் ஒன்றுமில்லை:
விலா எலும்பு, கொஞ்சம் காற்று,
அவளைப் பிடித்திருந்த என் விரல்கள்.
தண்ணீர் உருண்டையைக் காண அதற்குக் கண் இல்லை.
ஸ்கேன் அறையில் ரைசனென் என்ற பெண்
ஜெல் தடவிக் கருவியை ஓட்டியவள்
பாதிப் பேச்சில் நிறுத்தினாள்.
திரையில் ஒரு வட்டம்,
காம்பஸ் வைத்து வரைந்ததுபோல.
“வீட்டில் மூத்த பிள்ளை உண்டா?” என்று கேட்டாள்.

குடலைக் கீறி எடுத்ததை
ஒரு டப்பாவில் காட்டினார்கள்.
நீலம். அழகாகத்தான் இருந்தது.

மிச்சத்தை ஆர்வோவே கட்டிக் கொடுத்தான்,
பையின் வாயில் மூன்று முடிச்சு.
“நானா செய்தேன்?” என்றான், ஒரே ஒரு முறை.
இல்லை என்று சொல்ல
எனக்கு ஒரு மூச்சு தாமதமாயிற்று.
அதை அவன் கவனித்திருப்பான்.

ஹீட்டர் சூட்டில் அவை வற்றி மணலாகிவிடும்.
விளக்குமாற்றுக்கும் தப்பும், கண்ணுக்கும் தப்பும்.
நனைத்தால் மட்டும் அகப்படும்.
அதனால் எல்லோரும் தூங்கியபின்
ஈரத்துண்டுகளைத் தரையில் விரித்துவைப்பேன்,
சோபாவுக்கு அடியில், கதவு இடுக்கில்.
காலையில் முட்டிபோட்டு ஒவ்வொன்றாய்த் தூக்கிப் பார்ப்பேன்.
முதல் வாரம் பதினொன்று.
அப்புறம் நான்கு.
போன மாதம் முழுக்க ஒன்றுமில்லை.

நேற்று ஸைமி
மூலையிலிருக்கும் ரப்பர் செடிக்குத் தண்ணீர் ஊற்றினாள்.
இன்று மண்ணுக்குள்ளிருந்து
மஞ்சளாய் ஒன்று எட்டிப் பார்க்கிறது.

ஹில்யா அந்தத் தொட்டியின் விளிம்பைப் பிடித்துத்தான்
எழுந்து நிற்கப் பழகுகிறாள்.