பட்டியலில் இல்லாதவள்

ஜோவாய் கால்நடை மருத்துவமனை.
பன்றிக்கு ஊசி போட்ட கையைக் கழுவிக்கொண்டு வந்தால்
மேசைக்கு முன்னால் தங்கை மகள் டாஃபிஷா,
மதிப்பெண் நகல்கள் மூன்று,
நன்னடத்தைச் சான்றுக்கு ஒரு படிவம்.

முடியாது என்றேன்.
அவள் பெயரின் வாலும் என் முத்திரையின் வாலும்
ஒரே ஷில்லா.

சுவரில் தொங்கும் சுற்றறிக்கையைச் சத்தமாய் வாசித்தாள்:
மனைவி, மகன், மகள், உடன்பிறந்தார்.
"மாமா, உடன்பிறந்தாள் மகள் இதில் இல்லையே."

இல்லைதான்.
எழுதியவன் ஊரில் பிள்ளைகளுக்கு அப்பன் பெயர்.
இங்கே என் மகன் அவன் அம்மாவின் குலம், லாலூ.
அவனுக்குக் குத்திக் கொடுத்தால்
ஷில்லாங்கில் ஒருவனும் கண்டுபிடிக்க மாட்டான்.
இவளோ விதிக்குத் தெரியாத என் குலம்.
தாடைத் தழும்பு எந்தப் படியில் விழுந்தது,
இயற்பியலில் ஏன் முப்பத்தெட்டு,
எல்லாம் தெரியும்.
அதனால்தான் முடியாது.

போன மழைக்கு அவள் அம்மாவின் பன்றி செத்தபோதும்
காப்பீட்டுத் தாளை அமலாரெம் டாக்டரிடம் அனுப்பினேன்.
தங்கை மூன்று வாரம் பேசவில்லை.

விறுக்கென்று எழுந்து
எதிர்க்கட்டடத்து மீன்வளத்துறைக்குப் போனாள்.
பாசா தலை நிமிராமல் போட்டுக் கொடுத்தாராம்:
'இவரை நேரில் நன்கறிவேன்.'
பெயரில் ஒரு எழுத்துக்கூடத் தப்பு.

மறுநாள்
பாசாவின் தமக்கை மகன் வந்து நின்றான்,
அதே படிவம்.
இயற்பியலில் எவ்வளவு என்று கேட்டேன்.
எதற்கென்று புரியாமல் விழித்தான்.
முத்திரையில் மை காய்ந்திருந்தது.
வாயால் ஊதிக் குத்தினேன்,
நன்கறிவேன்.