பையில் ரொட்டி

டூலன்ஸ் துறையில் மொத்தம் அறுபத்திரண்டு வீடு,
ஒரு தேவாலயம், ஒரு நண்டு ஆலை,
கடலைப் பார்த்துச் சரிந்த ஒரு கால்பந்து மைதானம்.
இரண்டாம் பாதியில் எந்தப் பக்கம் கிடைக்கிறது
என்பதில்தான் பாதி ஆட்டம்.

ஆலையில் என்னோடு நண்டு உடைக்கிற பிரைடி ஹெர்ன்
என்னைக் கோல்கம்பத்துக்குள் நிறுத்தினாள்.
"ஓட வேண்டாம். பயப்படாம நின்னாப் போதும்."
அயர்லாந்திலிருந்து வந்து இருநூறு வருஷமாம் இவர்கள்.
நியூஃபவுண்ட்லாந்தின் இந்த மூலையில் இன்னும்
விட்டு விட்டுப் பெய்கிற மாதிரிதான் பேச்சு.

ஆகஸ்ட் கடைசி ஞாயிறு, நாலு மணி ஆட்டம். மூடுபனி.
பக்கத்துத் துறைக்காரன் அடித்த பந்து
என் கையையும் கம்பத்தையும் தாண்டி
பெர்ரி மேட்டுக்கு அப்பால் போனது.
யாரும் நகரவில்லை.
ஆறடி உயரத் தடுப்பாட்டக்காரர்கள்
குனிந்து பூட்ஸ் கயிற்றைக் கட்டத் தொடங்கினார்கள்.

நடுவர் அல்ஃபோன்ஸ் கரீன் வந்து
என் சட்டையைத் திருப்பிப் போடச் சொன்னார்,
தையல் வெளியே தெரிய.
கல் மாதிரி ஒரு ரொட்டியைப் பையில் திணித்தார்.
"அங்கே நல்லவங்க இருக்காங்க. பேர் சொல்லாதே.
கூப்பிட்டாத் திரும்பாதே."

புரிந்தது.
விஷம் உள்ளதை நல்ல பாம்பு என்று சொல்லி
இருட்டினால் அதையும் சொல்லாத மொழிதானே என்னுடையதும்.

முழங்கால் அளவுப் புதர். பந்து
வட்டமான புல்லின் நடுவில்
யாரோ வைத்ததுபோல், நனையாமல்.
எடுத்தேன்.
பின்னாலிருந்து யாரோ என் பெயரைச் சொன்னார்கள்,
இந்த ஊரில் ஒரு வாய்க்கும் வராத
ழகரம் பிசகாமல்.
திரும்பவில்லை. திரும்பவில்லை என்றுதான் நினைக்கிறேன்.

பத்து நிமிஷம். அதற்கு மேல் இருக்காது.
இறங்கி வந்தால் மைதானம் காலி,
ஒரு லாரியின் விளக்கு மட்டும் எரிகிறது.
வேறு பந்தில் ஆடி முடித்துவிட்டார்களாம்.
என் இடத்தில் நின்ற தபால்காரி
ஒரு கோலும் விடவில்லையாம்.
பிரைடி கடிகாரத்தைக் காட்டினாள். எட்டரை.
பையைத் தடவினேன். ரொட்டி இருந்தது,
ஒரு கடி குறைவாக.
அந்தக் கல்லுக்கு என் பல் காணாது.

இப்போதெல்லாம் பந்து மேட்டைத் தாண்டினால்
மொத்த அணியும் என்னைப் பார்க்கிறது.
"போ, அவங்களுக்குத்தான் உன்னைத் தெரியுமே."
நான் சட்டையைத் திருப்பிப் போட்டுக்கொள்கிறேன்.
ரொட்டியை
சில சமயம் மறந்துவிடுகிறேன்.