ம்

மூன்று நிமிடத்துக்குள் ஒரு நாடு முடிந்துவிட வேண்டும்.
அதுதான் போட்டியின் சட்டம்.
எங்கள் நாடு பதினொரு விநாடி நீளமாக இருந்தது.

"எங்காவது வெட்டணும்" என்றார் யாப்.
(ஒலிப்பதிவாளர். யாப் என்பது பெயர்தான்,
யாப்புக்கும் அவருக்கும் பேச்சுவார்த்தை இல்லை.)
எல்லாரும் தரையைப் பார்த்தோம்.
தரையில் கேபிள்கள், பாதி தின்ற நாசி லெமாக்,
என் செருப்பு.

மலாய் வரிகள் முதுகெலும்பு, தொட முடியாது.
சீனத்தில் இருந்தது ஒரே வரி,
அது மேளத்தோடு ஒட்டிப்போயிருந்தது.
மிச்சம் நான் எழுதிய இரண்டு:

*சேறு சுமந்துவரும் ரெண்டு ஆறு
சேர்ந்தபின் கேட்டா யாரு யாரு*

ஓடச் சொன்னால் ஓடும் வரிகள்.
பதினொரு விநாடி ஓடின.
"நல்ல வரி" என்றார் ஹைருல்,
வெட்டிய பிறகு.

வெட்டிய வாய் தெரியாமலிருக்க
ஒரு முனகல் கேட்டார்கள்.
இரண்டு விநாடி, உதடு திறக்காமல்.
பதினேழு தடவை முனகினேன்.
நானூறு வெள்ளி. கையெழுத்து.
டாக்சிக் காசு தனி.

இஸ்ஸாரா விமானம் ஏறினாள்.
என் முனகல் ஒரு கோப்பாய்
அவளுக்கு முன்பே போய்ச் சேர்ந்தது.

விடிகாலை நாலு மணி, செந்தூல்.
மாமாக் கடைப் பெருந்திரையில் பந்து விளையாட்டு.
"தம்பி, சேனலை மாத்துறியா,
நம்ம நாடு பாடுது."
ஜமால்தீன் மாற்றினான்.
சாப்பாடு கொண்டுபோகும் மோட்டார் பையன்கள் நாலு பேர்
என்னை ஒரு பார்வை பார்த்தார்கள்,
பெனால்டிக்கு நடுவே எழுந்து நின்றவளைப் பார்ப்பதுபோல.

பொன்னிழைச் சொங்கெட்டில் இஸ்ஸாரா.
பின்னால் வீடளவு செம்பருத்தி
மின்சாரத்தில் பூத்துப் பூத்து அணைந்தது.
காற்றடிக்கும் இயந்திரம் அவள் முந்தானையை
ஏதோ கடலுக்குக் கூப்பிட்டுக்கொண்டிருந்தது.
இதோ, இப்போது, இரண்டாம் நிமிடத்தின் வாசலில்,
என்
ஒரு பையன் மோட்டாரை உதைத்துக் கிளப்பினான்.
போயிற்று.

பிறகு புள்ளிகள்.
நம் நாட்டுக்கு நாமே போடக் கூடாதாம்.
நல்ல சட்டம்தான்,
சில கல்யாண மண்டபங்களுக்கும் வேண்டும்.
ஊர் ஊராய் வந்து சிரித்தார்கள்,
பல்லெல்லாம் வெளுத்த அறிவிப்பாளர்கள்,
பத்தும் எட்டும் எங்கெங்கோ இறங்கின.
நாங்கள் பட்டியலின் அடியில்,
சேற்றில் கால் மாட்டியவர்கள் மாதிரி.

கடைசிக்கு முந்தைய அழைப்பில்
வரைபடத்தில் ஈ உட்கார்ந்தால் மறைந்துபோகும் ஒரு தீவு
எங்களுக்கு ஒன்று போட்டது.
ஒரே ஒரு புள்ளி.
ஜமால்தீன் மட்டும் கைதட்டினான்.
கையில் துணி இருந்ததால் சத்தம் வரவில்லை.

அது என்னுடையது என்று சொல்ல மாட்டேன்.
தீவில் யார் எதைக் கேட்டார்களோ.
செம்பருத்தி பிடித்திருக்கலாம்.
ஆனாலும் மேசை ஈரத்தில் விரலால்
அந்த எழுத்தை எழுதிப் பார்த்தேன்.
வளைத்து, மடக்கி, தலைமேல்
ஒரு புள்ளி.
அது இருக்கும்வரை உதடு மூடியிருக்கும்.
துடைத்தால் வாய் திறந்துவிடும்.

துடைக்கவில்லை. ஈரம் தானே காய்ந்துகொண்டிருந்தது,
எந்தப் பக்கம் முதலில் காயும் என்று தெரியாமல்.

எட்டு மணிக்கு ஈப்போ சாலை கிளினிக்கில்
நம்பர் கூப்பிட வேண்டும்.
இரண்டு, மூன்று, நாற்பத்தேழு.
அங்கே என் குரல் எல்லாருக்கும் கேட்கும்,
கேட்டதும் எழுந்து வருவார்கள்.

பந்து திரைக்குத் திரும்பியது.
யாரோ வென்றுவிட்டிருந்தார்கள்.
"அக்கா, இன்னொரு தே போடவா?"

"ம்" என்றேன்.

அவன் உள்ளே திரும்பிக் கத்தினான்,
தெரு முனைவரை கேட்கும்படி:
"தே தாரிக் சத்தூ!"