சுவர்க்கோழிப் பலன்

பெகு பஸ் நிலையத்தில்
மாண்டலே வண்டி நிற்கும் பதினைந்து நிமிடம்தான்
என் வாணலிக்கு வாழ்வு.
பத்து பூச்சி ஆயிரம் கியாட்,
பொரித்த பூண்டு சும்மா.

பர்மாக்காரர்கள் பெயர் சொல்லி வாங்குவார்கள்.
நம்மவர்கள்
சட்டியை எட்டிப் பார்த்துவிட்டு
'இறாலா அக்கா?' என்பார்கள்.
தெரிந்தே கேட்பது.
'ஆமாம், வயல் இறால்' என்பேன்.
விற்றுப்போகும்.

காப்புக் கட்டியிருந்த வாரம்
பூசாரி மகன் குணாளன் சைக்கிளை நிறுத்திக் கேட்டான்:
சுவர்க்கோழி, கோழியில் சேர்த்தியா?
முட்டையிடுமே, என்றேன்.
முகம் தொங்கிவிட்டது.
தீ மிதித்த மறுநாள்
கொப்புளக் காலோடு வந்து இருபது தின்றான்.
அத்தனையும் பெட்டை:
வாலில் ஊசி, வயிறு நிறைய அரிசிபோல் முட்டை.
கத்துவது ஆண்,
காசு பெட்டைக்கு.

பல்லிக்குப் பஞ்சாங்கத்தில் ஒரு பக்கம் உண்டு,
கிழக்கே சொன்னால் இன்னது
தெற்கே சொன்னால் இன்னது என்று.
இரவெல்லாம் சொல்கிற இதற்கு
ஒரு வரி எழுதவில்லை எவனும்.
நானே வைத்திருக்கிறேன் மனசில்:
வேகமாய்க் கத்தினால் புழுக்கம் கூடும்.
சட்டென்று நின்றால் ஆள் வருகிறது.
பக்கத்து வீட்டு ஜெனரேட்டர் ஓடினால்
அன்றைக்குப் பலன் இல்லை.
இதை யாரிடமும் சொன்னதில்லை.

பிடித்து வருகிறவர் அங்கப்பன்,
என் வீட்டுக்காரர்.
பத்தொன்பது வருஷம் அரிசி மில்.
மில்லை மூடியபோது
மிஷின் அவர் காதைத் தன்னோடு வைத்துக்கொண்டது.
என் பேச்சு பாதி விழும்,
அதுவும் திட்டினால்.
பூச்சிக் குரல் சுத்தமாய் இல்லை.

முதல் வருஷம் நானும் போனேன்,
அறுத்த வயலில் டார்ச்சோடு,
இந்தப் பக்கம், அந்தப் பக்கம் என்று தோளைத் தட்ட.
நான் கிட்டே போனதும் வயலே வாயை மூடிக்கொள்ளும்.
வெறும் வாளியோடு
சண்டை போட்டபடி திரும்புவோம்.

இப்போது தனியாகத்தான் போகிறார்.
செருப்பை வரப்பில் விட்டு
உள்ளங்கையை மண்ணில் பரப்பி
குந்தியிருப்பார் வெகுநேரம்.
எறும்பு ஏறி இறங்கும்.
பிறகு ஒரு விரல் துடிக்கும்.
மண்வெட்டி இரண்டே போடு,
பொந்துக்காரன் வாளியில்.

எப்படி ஐயா என்றால் சிரிப்பார்,
கேள்வி விழுந்ததோ என்னவோ.

போன மாதம் காலேஜ் பெண் ஒருத்தி
தின்றுகொண்டே சொன்னாள்:
இதற்குக் காது தலையில் இல்லையாம்,
முன்னங்காலில், முழங்காலுக்குக் கீழே.
பொரிக்காத ஒன்றை எடுத்துக் காட்டினாள்.
ஊசி முனையளவு ஒரு வெளுப்பு.
நான் கிள்ளி எறிவது சிறகையும் பின்னங்காலையும்தான்.
இத்தனை நாளாய்க்
காதோடுதான் விற்றிருக்கிறேன்.

நேற்று கரண்ட் இல்லை.
ஜெனரேட்டருக்கும் டீசல் இல்லை போல.
சுவருக்குப் பின்னால் ஒன்று ஆரம்பித்தது.
அவர் கை
படுக்கைக்கு வெளியே நழுவி
சுவரில் சாய்ந்திருந்தது.
தூங்குகிறார் என்றே நினைத்தேன்.

கத்தல் நின்றது.

கண்ணைத் திறக்காமல் கேட்டார்:
'யாரு வர்றது?'